குளிர் அலமாரியில் மல்லி வாசம்

போன மாதம் கம்பெனிப் பிள்ளைகள் என்னைக் கொல்லிமலைச் செம்மேட்டுக்கு வரவழைத்தார்கள். நாற்காலி போட்டு உட்கார வைத்து, டீ கொடுத்து, கையில் ஒரு மைக்கையும் திணித்துவிட்டார்கள். "பாய், எல்சம்மா இந்தச் சாக்லேட் கம்பெனிய எப்படி வளத்தாங்கன்னு சொல்லுங்க" என்றார்கள். மைக்கைப் பார்த்தால் எனக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். "ரொம்பக் கஷ்டப்பட்டு வளத்தாங்க" என்று ஒரே வரியில் முடித்துவிட்டு பஸ் ஏறிவிட்டேன். கீழே வந்து சேரும்வரை என்மேல் எனக்கே கோபம். பன்னிரண்டு வருஷம் அந்த அம்மாவோடு வேலை பார்த்தவன் சொல்லுகிற பதிலா அது? அதனால்தான் வீட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். இங்கே மைக் இல்லை.

என் பெயர் ரகீம். ராசிபுரத்தில் அத்தா ஒரு கடை வைத்திருந்தார். அத்தர், சாம்பிராணி, ஊதுவத்தி, மிளகு, ஏலம், நாட்டு மருந்துச் சரக்கு எல்லாம் இருக்கும். கடைக்கு வருகிறவர்கள் கண்ணால் சரக்கைப் பார்ப்பார்கள், நான் மூக்கால் பார்ப்பேன். எந்த மூட்டை எந்த மழையில் நனைந்தது, எந்த டப்பாவில் முன்பு என்ன இருந்தது என்று சொல்லிவிடுவேன். ஊரில் எனக்கு மூக்குக்கார பாய் என்றே பெயர். அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு. இருந்தது என்று எழுத வேண்டும். அது போன கதைதான் இது.

1997இல் ஒரு நாள் வெள்ளைக்கார அம்மா ஒருவர் கடைக்கு மிளகு கேட்டு வந்தார். ஐம்பது வயசு இருக்கும். காலில் ரப்பர் செருப்பு, தோளில் துணிப்பை. பக்கத்துக் கடையில் வாங்கிய மிளகைக் காட்டி, இது எப்படி என்று கேட்டார். நான் முகர்ந்து பார்த்து, மண்ணெண்ணெய் டின்னுக்குப் பக்கத்தில் இருந்த சரக்கு என்றேன். அவர் துணிப்பையிலிருந்து நாலு பொட்டலம் எடுத்து வரிசையாக வைத்தார். பழுப்பு நிறத்தில் பாதாம் அளவுக்கு ஏதோ கொட்டைகள். அதற்கு முன்னால் நான் கோகோவைப் பார்த்ததில்லை. "இது புகையில காஞ்சது, இது நல்லாப் புளிச்சிருக்குது, இது புளிக்கவே இல்ல, இது பூசணம் புடிச்சது" என்று சொன்னேன். அந்த அம்மா சிரித்தார். மறு வாரமே கடையைத் தம்பியிடம் விட்டுவிட்டு நான் கொல்லிமலை ஏறினேன். அப்போது எனக்கு நாற்பத்தாறு வயசு. அந்த வயசில் புது வேலைக்குப் போகிறவனை வீட்டில் என்ன சொல்லுவார்களோ அதையெல்லாம் என் வீட்டிலும் சொன்னார்கள்.

அவர் பெயர் எல்ஸ். பெல்ஜியத்தில் அப்பாவின் சாக்லேட் கடையிலேயே பிறந்து வளர்ந்தவர். "எங்க ஊர்ல தெருவுக்கு மூணு சாக்லேட் கடைங்க. நாலாவதா நான் எதுக்குங்க?" என்பார். கொல்லிமலைக்கு யாரோ சிநேகிதியைப் பார்க்க வந்திருக்கிறார். செம்மேட்டுக் குளிர் சாக்லேட்டுக்கு ஒத்து வரும், கீழே பாக்குத் தோப்புகளில் ஊடு பயிராகக் கோகோ இருக்கிறது, கொட்டையிலிருந்து பெட்டி வரைக்கும் தன் கையாலேயே செய்யலாம் என்று கணக்குப் போட்டுத் தங்கிவிட்டார். நாங்கள் பேசுவதைக் கேட்டே தமிழ் கற்றார். அதனால் எல்லாவற்றுக்கும் 'ங்க' போடுவார். "கிரைண்டர் நின்னு போச்சுங்க" என்பதோடு விடமாட்டார், நின்ற கிரைண்டரிடமே "ஏனுங்க, என்னாச்சுங்க?" என்று கேட்பார். எங்களுக்கு அவர் எல்சம்மா ஆகிவிட்டார்.

வேலை கற்ற கதையை நீட்ட மாட்டேன். முதல் மூன்று மாதம் மலையடிவாரத்தில் முள்ளுக்குறிச்சிப் பக்கம் தோப்பிலேயே கிடந்தேன். கோகோப் பழத்தை உடைத்து, வெள்ளைச் சதையோடு கொட்டைகளைப் பலாமரப் பெட்டியில் கொட்டி, வாழை இலை போட்டு மூடி வைக்க வேண்டும். இரண்டாம் நாள் கள் வாசம் வரும். நாலாம் நாள் காடி வாசம் மூக்கைத் துளைக்கும். அது அடங்கி, ரொட்டி வெந்தது போல ஒரு வாசம் வரும்போது எடுத்துக் காயப்போட வேண்டும். ஒரு நாள் முன்னே எடுத்தாலும் கசப்பு, ஒரு நாள் பின்னே எடுத்தாலும் நாற்றம். கண்ணைக் கட்டிவிட்டாலும் எந்தப் பெட்டிக்கு எத்தனை நாள் என்று சொல்லுகிற அளவுக்கு வந்த பிறகுதான் எல்சம்மா என்னை மேலே கூப்பிட்டுக்கொண்டார்.

மேலே கம்பெனி என்று நாங்கள் பெருமையாகச் சொன்னது இரண்டு ரூம் ஓட்டு வீடு. எல்சம்மா தன் ஊரிலிருந்து கொண்டு வந்த அரைக்கிற மெஷின் மின்சாரம் ஏறி இறங்கியதில் நான் மேலே போன முதல் மாதமே புகைந்து போயிற்று. புது மெஷினுக்கு வழியில்லை. எல்சம்மா திண்டாடிக்கொண்டிருந்தபோது முறத்தில் கோகோத் தோல் புடைத்துக்கொண்டிருந்த பெண்தான் வாயைத் திறந்தாள். "ஏனுங்கம்மா, இட்லி கிரைண்டர்ல போட்டு ஆட்டிப் பாக்கலாமுங்களா? அதும் கல்லுதானுங்க."

அவள்தான் செல்லம்மா. முள்ளுக்குறிச்சிக்காரி, முப்பது முப்பத்திரண்டு வயசு. புருஷன் கட்டட வேலைக்கு வெளியூர் போய் எப்போதாவது வருவான். செம்மேட்டுப் பள்ளிக்கூடத்தில் மகளைச் சேர்த்துவிட்டு, கம்பெனிக்குப் பின்னாலேயே ஒரு ரூமில் தங்கியிருந்தாள். அவள் சொன்னபடியே கோகோவை வறுத்த சூட்டோடு கிரைண்டரில் போட்டோம். இரண்டரை நாள் விடாமல் சுற்றியது. கடைசியில் எல்சம்மா ஒரு விரலால் தொட்டு நாக்கில் வைத்து, கண்ணை மூடி, ரொம்ப நேரம் நின்றார். பிறகு செல்லம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு அவருடைய பாஷையில் ஏதோ சொன்னார். இவளுக்கு அது புரியவில்லை. "நல்லாருக்குதுங்களா இல்லீங்களா, அத மட்டும் சொல்லுங்கம்மா" என்றாள். கம்பெனி பிழைத்தது அந்தக் கிரைண்டரால்தான்.

எல்சம்மா வேலை செய்கிற விதத்தைச் சொல்ல வேண்டும். அரைத்த சாக்லேட்டைச் சூடு பண்ணி, கருங்கல் பலகையில் ஊற்றி, அகலத் தகட்டால் இழுத்து இழுத்துப் பரப்பி ஆற்றுவார். கெட்டிப்படப் போகிற நேரத்தில் திரும்ப வாரிப் பாத்திரத்தில் போட்டு லேசாகச் சூடேற்றுவார். இதற்கு நாங்கள் பதம் போடுவது என்று பெயர் வைத்திருந்தோம். பதம் பிசகினால் சாக்லேட்டின் மேல் ஒரு வாரத்தில் வெள்ளை பூத்துவிடும். தெர்மாமீட்டர் இருந்தது. ஆனாலும் அவர் கடைசியில் ஒரு சொட்டைக் கீழுதட்டில் வைத்துப் பார்ப்பார். உதடு துளி குளிர்ந்தால் சரி. அச்சிலிருந்து எடுத்த துண்டைக் காதோரம் வைத்து ஒடிப்பார், சத்தம் கேட்க வேண்டும். அப்புறம் முகர்வார். அப்புறம்தான் வாய்க்குப் போகும். அவர் கத்திப் பேசி நான் கேட்டதில்லை. கோபம் வந்தால், அழுக்குப் படாமல் உடுப்புமேல் கட்டியிருக்கும் இடுப்புத் துணியை அவிழ்த்து, நாலாக மடித்து, மேஜையில் வைப்பார். அதைப் பார்த்ததும் நாங்கள் கையிலிருக்கிற வேலையை நிறுத்திவிடுவோம்.

அவர் வைத்திருந்த சட்டத்தில் பெரியது வாசம். சாக்லேட்டில் இருக்கிற கொழுப்பு பக்கத்தில் எந்த வாசம் இருந்தாலும் இழுத்துக்கொள்ளும். இழுத்தால் விடாது. உருக்கினாலும் போகாது. அதனால் பவுடர் கூடாது, வாசனை எண்ணெய் கூடாது, ஊதுவத்தி கூடாது, பீடி கூடாது. தலையில் காதை மூடித் துணி கட்ட வேண்டும். அத்தர் கடைக்காரன் நான், எனக்கு இது பெரிய தண்டனை. வியாழன் சாயங்காலம் கீழே போவேன். வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு ஆசை தீர அத்தர் பூசுவேன். எங்கள் வீட்டுப் பழக்கப்படி அத்தரில் நனைத்த துளிப் பஞ்சைக் காது மடிப்பில் செருகிக்கொள்வேன். சனிக்கிழமை காலையில் மலையேறியதும் தலை முழுகி, கம்பெனி உடுப்பு மாற்றி, பச்சைப் பிள்ளை போல வாசமில்லாமல் உள்ளே போவேன்.

செல்லம்மாவுக்கோ பூ இல்லாமல் முடியாது. "தலையில பூ இல்லாம எப்படிங்கம்மா வேலைக்கு வாரது, மனசே ஒட்டலீங்க" என்பாள். கோடையில் இரண்டு தடவை மல்லிச் சரத்தோடு வந்தவளை எல்சம்மா வாசலிலேயே நிறுத்தித் திருப்பி அனுப்பினார். எல்லோரும் சிரித்தோம். அதை வைத்து நானும் அவளைக் கேலி செய்திருக்கிறேன்.

மூன்றாம் வருஷம் பெங்களூரில் ஒரு கடைக்காரர் கிறிஸ்துமஸுக்கு முந்நூறு பெட்டி கேட்டு எழுதினார். அதுவரை எங்கள் சரக்கு சேலம், ஏற்காட்டைத் தாண்டியதில்லை. அதே சமயம் ஒரு பெரிய மிட்டாய்க் கம்பெனி ஆள் வந்து, நீங்கள் செய்து கொடுங்கள், எங்கள் பெயர் போட்டு விற்கிறோம் என்று எல்சம்மாவை நச்சரித்துக்கொண்டிருந்தார். "பெங்களூரு சரியா வரலன்னா உங்ககிட்ட வாரேங்க" என்று அவரை அனுப்பி வைத்திருந்தார் எல்சம்மா. தன் பெயரில் தன் சாக்லேட் நிற்குமா என்பது அந்த முந்நூறு பெட்டியில் இருந்தது. வடக்கு ரூமில் தடித்த பலகையில் ஓர் அலமாரி செய்து, சுற்றிலும் ஈரச் சாக்குப் போட்டுக் குளிர் அலமாரி என்று வைத்திருந்தோம். அதற்குப் பொறுப்பு செல்லம்மா. முடிந்த சாக்லேட்டுகள் தட்டுத் தட்டாக அதில் ஏறின.

கார்த்திகை கடைசி. பெட்டி கட்டுகிற நாள். எல்சம்மா ஒரு துண்டை எடுத்துக் காதோரம் ஒடித்தார். சத்தம் நன்றாக இருந்தது. மூக்கருகில் கொண்டுபோனவர் அப்படியே நின்றுவிட்டார். இன்னொரு தட்டிலிருந்து ஒரு துண்டு, பிறகு இன்னொன்று. இடுப்புத் துணியை அவிழ்த்து நாலாக மடித்தார்.

"பாய், வாங்க. என்ன வாசம்ங்க?"

நான் முகர்ந்தேன். யோசிக்க ஒரு விநாடிகூட எடுத்துக்கொள்ளவில்லை. "மல்லி" என்றேன்.

எல்லோரும் செல்லம்மாவைப் பார்த்தார்கள். அவள் கை தானாகக் கொண்டைக்குப் போயிற்று. "நான் மல்லி வெக்கலீங்கம்மா. சத்தியமா வெக்கலீங்க" என்றாள்.

அப்போது நான் சும்மா இருந்திருக்கலாம். என் தலைக்கனம் விடவில்லை. "மூக்கு பொய் சொல்லாது செல்லம்மா" என்றேன். பன்னிரண்டு வருஷத்தில் நான் பேசியதிலேயே கேவலமான பேச்சு அது. அவள் கொண்டையிலிருந்து கையை எடுத்துவிட்டாள்.

எல்சம்மா மெல்லத்தான் சொன்னார். "ரெண்டு தடவ சொல்லியிருக்கேன்ங்க. நாளைலேர்ந்து நீங்க வர வேண்டாம்ங்க." மறுநாள் காலையில் ஒரு தகரப் பெட்டியும் மகளின் புத்தகப் பையுமாகச் செல்லம்மா பஸ் ஏறினாள். அந்தப் பெண் குழந்தைக்குப் பரீட்சை நேரம். நான் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். பாவம்தான், ஆனால் சட்டம் என்றால் சட்டம்தானே என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

மூன்றாம் நாள் அலமாரியைக் கழுவி வெயிலில் காயவைக்கச் சொன்னார் எல்சம்மா. தட்டுகளை வெளியே எடுத்து, பலகையில் விரித்திருந்த காகிதத்தை உருவினேன். பின்பக்க இடுக்கில் வெள்ளையாக ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது. எடுத்தேன். பஞ்சு. கடலைப் பருப்பு அளவுதான். மூக்கருகில் கொண்டுபோக வேண்டியிருக்கவில்லை. எங்கள் கடை மல்லி அத்தர்.

அது எந்த வெள்ளிக்கிழமை என்று உடனே ஞாபகம் வந்தது. அன்றைக்குச் செல்லம்மா மகளுக்குக் காய்ச்சல் என்று ஆஸ்பத்திரி போயிருந்தாள். எல்சம்மா படியில் கால் பிசகி உட்கார்ந்துவிட்டார். உடனே வாருங்கள் என்று கடைக்கு போன் வந்தது. தொழுகை முடிந்த கையோடு பஸ் பிடித்தேன். அப்போதெல்லாம் சேந்தமங்கலம் சுற்றி மலைப்பாதையின் எழுபது கொண்டை ஊசி வளைவும் ஏறித்தான் வர வேண்டும். வந்ததும் அவசரத்தில் தலை முழுகவில்லை. கை கால் முகம் கழுவி, உடுப்பு மாற்றி, காதை மூடித் துணி கட்டிக்கொண்டு அலமாரியில் தட்டுகளை ஏற்றினேன். குனிந்து நிமிர்ந்ததில் துணி நழுவியது, இழுத்துக் கட்டினேன். சட்டையைப் பற்றி நினைவிருந்தது. காதைப் பற்றி இல்லை. மத்தியானத்திலிருந்து கூடவே இருந்த வாசம் என் மூக்குக்குப் பழகிப் போயிருந்தது.

பஞ்சைக் கைக்குள் மூடிக்கொண்டேன். என்னைத் தவிர யாரும் பார்க்கவில்லை. உள்ளதைச் சொல்கிறேன், நான் வறுக்கிற அடுப்புவரை போனேன். போட்டால் சாம்பல். ஆனால் அத்தர் எரிந்தால் வாசம் ஊரைக் கூட்டும் என்று எனக்குத் தெரியும். மனசாட்சி தடுத்தது என்று பெரிதாக எழுத ஆசைதான். முதலில் தடுத்தது அந்தப் பயம்தான்.

அன்று சந்தை நாள். எங்காவது வீசிவிட்டு வரலாம் என்று வெளியே போனேன். கூட்டத்தில் நடந்துகொண்டே இருந்தேன், கை திறக்கவில்லை. பூக்காரி கூடை முன்னால் வந்தபோது வாய் தானாகக் கேட்டது. "மல்லி இருக்குதுங்களா?"

"கார்த்திகைப் பனியில மல்லி ஏதுங்க பாய்? டிசம்பர் பூ இருக்குது, கனகாம்பரம் இருக்குது. முள்ளுக்குறிச்சிப் புள்ள, உங்க கம்பெனிப் புள்ள, தெனம் டிசம்பர் பூதான் வாங்கும். நாலு நாளா ஆளையே காணம்?"

டிசம்பர் பூவுக்கும் கனகாம்பரத்துக்கும் வாசமே கிடையாது. வாசக் கடையில் பிறந்த எனக்கு, பனிக்காலத்தில் மல்லி வராது என்பது தெரியாதா? தெரியும். ஒரு நிமிஷம் நின்று யோசித்திருந்தால் அன்றைக்கே தெரிந்திருக்கும். நான் யோசிக்கவில்லை. சந்தை நடுவில் எனக்கு வெட்கத்தில் உடம்பு கூசிப்போயிற்று.

திரும்பி வந்தபோது எல்சம்மா கருங்கல் பலகையைத் தேய்த்துக்கொண்டிருந்தார். நான் கையைத் திறந்து பஞ்சை அந்தப் பலகைமேல் வைக்கப் போனேன். "அங்க வேண்டாம்ங்க பாய், கல்லு வாசம் புடிச்சிரும்" என்றார். அந்த நிலைமையிலும் எனக்குச் சிரிப்பு வந்தது, உடனே அழுகையும் வந்தது. ஜன்னல் வெளிப்பக்கம் வைத்துவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன். அடுப்புவரை போனதையும் சொன்னேன். "நாளைலேர்ந்து நான் வரலீங்கம்மா" என்றேன்.

அவர் இடுப்புத் துணியை அவிழ்த்தார். மடிக்கவில்லை. அதிலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டார். "நான் உங்கள கேட்டேன்ங்க. அவங்கள கேக்கலைங்க. அவங்க ரூமுக்குப் போய் என்ன பூன்னு பாத்திருக்கலாம்ங்க. பாக்கலைங்க" என்றார். துணியைத் திரும்பவும் கட்டிக்கொண்டு, "பஸ் எப்பங்க?" என்றார்.

இரண்டு பேரும் கீழே இறங்கினோம். முள்ளுக்குறிச்சி போய் விசாரித்தால், செல்லம்மா மரவள்ளிக் காட்டில் கூலிக்குப் போயிருக்கிறாள் என்றார்கள். எல்சம்மாவுக்குக் கால் இன்னும் சரியாகவில்லை. வரப்பில் என் தோளைப் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டி வந்தார். காட்டில் பத்துப் பெண்கள் கிழங்கு பிடுங்கிக்கொண்டிருந்தார்கள். வெள்ளைக்கார அம்மாவைப் பார்த்ததும் எல்லோரும் நிமிர்ந்தார்கள். செல்லம்மா கை மண்ணைத் தட்டிக்கொண்டு வந்தாள். கண் என்மேல் படவே இல்லை.

அத்தனை பேர் முன்னால்தான் சொன்னேன். அவளைக் குற்றவாளி ஆக்கியது நாலு பேர் முன்னால், அதனால் இதுவும் அப்படித்தான் இருக்க வேண்டும் என்று நினைத்தேன். "தப்பு என்னுதும்மா. என் காதுல இருந்த அத்தர் பஞ்சு. நீ வெச்சது டிசம்பர் பூ" என்றேன். எல்சம்மா கை கூப்பினார்.

செல்லம்மா என்னைப் பார்த்துத்தான் சொன்னாள்.

"நீங்க சொன்னீங்கன்னு, நானே என் சீலைய மோந்து மோந்து பாத்தனுங்க பாய். தலகாணிய மோந்து பாத்தேன். புள்ள தலைய மோந்து பாத்தேன். ஒரு வாசமும் வரல. எனக்குத்தான் மூக்கு சரியில்ல, பாய் சொன்னா தப்பா இருக்காதுன்னு நெனச்சேனுங்க."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். வரப்பிலேயே உட்கார்ந்து அழுதுவிட்டேன். நாற்பத்தெட்டு வயசு ஆள், தொப்பி போட்டுக்கொண்டு, மரவள்ளிக் காட்டில்.

"அழுவாதீங்க பாய், எல்லாரும் பாக்கறாங்க" என்றாள் அவள். அப்புறம் எல்சம்மா பக்கம் திரும்பினாள். "வாரனுங்கம்மா. ஆனா இனிமே நானும் மோந்து பாப்பேனுங்க. பாய் ஒருத்தரு சொன்னாப் பத்தாது."

"ஆமாங்க, பத்தாதுங்க" என்றார் எல்சம்மா.

பெங்களூர்க்காரருக்கு எல்சம்மா உள்ளதை உள்ளபடி எழுதிவிட்டார். வாசம் ஏறிப் போயிற்று, முந்நூறு தர முடியாது, புதிதாகச் செய்து முடிகிறதை அனுப்புகிறேன் என்று. ஆரஞ்சு எசன்ஸ் கலந்தால் மல்லி தெரியாது என்று ஒருவர் யோசனை சொன்னதற்கு, "எனக்குத் தெரியும்ங்களே" என்றார். மீதி இருந்த நாளில் எண்பது பெட்டிதான் முடிந்தது. அதை அனுப்பினோம். அது போதாது என்று கடிதம் வரும், மிட்டாய்க் கம்பெனி ஆள் அடுத்த பஸ்ஸில் வந்து இறங்குவார் என்று காத்திருந்தோம். கடிதம் வந்தது. எண்பதும் தீர்ந்துவிட்டது, கேட்டவர்களுக்கு இல்லை என்று சொல்ல வேண்டியிருக்கிறது, பொங்கலுக்கு முன்னால் இன்னும் அனுப்ப முடியுமா என்று. எல்சம்மா அதை எங்களுக்கு மூன்று தடவை படித்துக் காட்டினார். வீணான மல்லிச் சாக்லேட்டைச் செம்மேட்டுப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டோம். அதுகளுக்கு ஒரே கொண்டாட்டம். மலையிலேயே குண்டூர் நாடு என்கிற ஊர்ப்பக்கமிருந்து ஒரு கல்யாண வீட்டார் வந்து, அந்தப் பூ வாச மிட்டாய் இன்னும் கிடைக்குமா என்று கேட்டார்கள். என்னைக் கேலி செய்யக் கேட்கிறார்களோ என்று எனக்கு ஒரு சந்தேகம். இல்லை, நிஜமாகவே கேட்டார்கள்.

அதிலிருந்து கம்பெனியில் ஒரு முறை வந்தது. இன்றைக்கும் அப்படித்தான். அலமாரியிலிருந்து வரும் தட்டை முதலில் ஒருவர் தனியாகப் போய் முகர்ந்துவிட்டு, வெளியே வந்து எல்சம்மா காதில் மட்டும் சொல்ல வேண்டும். பிறகு இன்னொருவர். இரண்டும் ஒத்துப் போனால்தான் பெட்டி. அப்போது முதல் ஆள் செல்லம்மா, இரண்டாவது நான். அவள் மூக்கு என் மூக்குக்குக் குறைந்ததில்லை என்று ஆறே மாதத்தில் தெரிந்துவிட்டது. இரண்டு கிரைண்டர் நாலாயிற்று, பிறகு ஒன்பது ஆயிற்று. ஓட்டு வீட்டுக்குப் பின்னால் புதுக் கட்டடம் வந்தது. கீழே இருபது தோப்புக்காரர்கள் எங்களுக்காகவே கோகோ போட்டார்கள். மிட்டாய்க் கம்பெனி ஆள் திரும்பவும் வந்தார். எல்சம்மா அவருக்கு ஒரு பெட்டி சாக்லேட் கொடுத்து, பெட்டிமேல் இருந்த பெயரை விரலால் காட்டி, "இது இருக்கட்டும்ங்க" என்றார். அவ்வளவுதான் அந்தப் பேச்சு. பிள்ளைகளே, நீங்கள் கேட்ட வளர்ச்சி இதுதான்.

இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. எனக்கு ஐம்பத்தெட்டு வயசானபோது ஒரு நாள் வறுக்கிற இடத்தில் நின்றுகொண்டிருந்தேன். திடீரென்று எல்லோரும் ஓடி வந்தார்கள். என் கண்ணெதிரே வறுக்கிற உருளைக்குள் கோகோ கருகிக்கொண்டிருந்தது. புகை வந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது. வாசம் வரவில்லை. ஏலக்காயை எடுத்துக் கசக்கிப் பார்த்தேன். ஏதோ தூரத்தில் இருப்பது போல இருந்தது. சளி என்று சில மாதமாக என்னை நானே ஏமாற்றி வந்தது அன்றைக்குப் புரிந்தது.

மத்தியானம் எல்சம்மாவிடம் போய்ச் சொன்னேன். செல்லம்மா பக்கத்தில் அச்சுத் துடைத்துக்கொண்டிருந்தாள். "மூக்கு போயிருச்சுங்கம்மா. எத்தனை நாளாவோ தெரியல. நான் சரின்னு சொன்ன தட்டுல எது எது கெட்டுச்சோ" என்றேன். மூக்கு இல்லாத மூக்குக்காரனுக்கு அங்கே என்ன வேலை?

"ஒண்ணும் கெடலீங்க பாய்" என்றாள் செல்லம்மா, தலை நிமிராமல். "நீங்க மோக்கறதுக்கு முந்தியே சந்தேகமான தட்டையெல்லாம் நான் எடுத்து வெச்சிருவேனுங்க. நாலு மாசமா உங்க பங்கையும் சேத்து நானே மோந்துட்டு இருக்கறேன்."

"நாலு மாசமாவா? தெரிஞ்சும் ஏம்மா சொல்லல?"

அவள் அச்சைக் கீழே வைத்தாள். "நீங்களாச் சொல்லட்டும்னு இருந்தனுங்க. எனக்கும் மொதல்ல சந்தேகந்தானுங்க. ஒருத்தரப் பத்தி வாயத் தொறக்கறதுக்கு முன்னால நல்லா மோந்து பாத்துக்கோணுமில்லீங்களா பாய்?"